ஒளி கலக்கும் பொழுது: டோல்கீனின் புனைவுலகில் காலக்கணக்கு

முன்னுரை

ஒளியும் இருளும் மாறிமாறி வருதலே காலத்தை அளக்க மக்களுக்குக் கிடைத்த முதல் அளவுகோல். கதிரவன் எழுதலும் மறைதலும் நாளை வகுத்தன. நிலவின் வளர்பிறையும் தேய்பிறையும் மாதத்தை வகுத்தன. இவ்விரண்டும் தோன்றாத ஓர் உலகில் காலம் எவ்வாறு எண்ணப்படும்? ஆங்கிலப் புனைவிலக்கியத்தில் இவ்வினாவுக்கு விரிவான விடை அமைத்தவர் ஜே.ஆர்.ஆர். டோல்கீன் (1892–1973). அவர் மறைவுக்குப் பின் 1977இல் வெளிவந்த ‘தி சில்மரில்லியன்’ நூலிலும், ‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ புதினத்தின் நாள்காட்டி பற்றிய பின்னிணைப்பிலும் அவ்விடை காணப்படுகிறது. அக்கணக்கில் ஒளி எவ்வாறு அலகாகிறது, அவ்வொளி அழிந்தபின் அதன் சுவடு எங்கே தங்குகிறது என்பவற்றை இக்கட்டுரை ஆராய்கிறது.

எண்ணப்படாத மணி

வாலினோர் என்னும் நிலத்தில் இரு மரங்கள் ஒளி தந்தன. டெல்பெரியனின் ஒளி வெள்ளி. லாரெலினின் ஒளி பொன். ஒவ்வொரு மரமும் ஏழு மணி நேரத்தில் முழுதும் ஒளிர்ந்து மங்கியது. ஒன்று அணைவதற்கு ஒரு மணி முன்னரே மற்றொன்று ஒளிரத் தொடங்கியது. ஏழும் ஏழும் பதினான்கு. இரண்டும் சேர்ந்து ஒளிரும் மணிகள் இரண்டைக் கழிக்க, ஒரு நாளுக்குப் பன்னிரண்டு மணி. ஆறாம் மணியில் ஒரு கலப்பு, பன்னிரண்டாம் மணியில் மறு கலப்பு. இரண்டாம் கலப்போடு நாள் முடிந்தது.

டெல்பெரியனை இரவாகவும் லாரெலினைப் பகலாகவும் கொள்வது வாசகர்க்கு எளிது. பின்னாளில் நிலவும் கதிரவனும் இம்மரங்களிலிருந்தே பிறந்தன என்பதால் எழும் எண்ணம் அது. மரங்களின் காலத்துக்கு அது பொருந்தாது. அங்கு இருள் வரவே இல்லை. நாளின் எல்லையை வகுத்தது இருளன்று, இரு ஒளிகளும் மென்மையுற்றுக் கலந்த பொழுதே.

இதற்கு வலுவான சான்று, முதன்முதலில் டெல்பெரியன் தனித்து ஒளிர்ந்த மணி. அது மணிக்கணக்கில் சேர்க்கப்படவில்லை. பின்வந்த நாள்களில் டெல்பெரியனின் ஏழு மணிகளுள் முதலாவது, முந்தைய நாளின் பன்னிரண்டாம் மணியாக அமைந்தது. அப்போது லாரெலின் மங்கிக்கொண்டிருந்தது. தொடக்கத்தில் முந்தைய நாளும் இல்லை, மங்குவதற்கு மற்றொரு மரமும் ஒளிரவில்லை. ஆகவே அம்மணிக்குக் கணக்கில் இடமில்லாது போயிற்று. கதையாசிரியர் போகிறபோக்கில் சொல்லிச்செல்லும் செய்தி போலத் தோன்றினும், இக்கணக்கின் அடிப்படை விதி இதில்தான் உள்ளது. தனி ஒளி காலத்தைத் தொடங்குவதில்லை. எண்ணிக்கைக்கு இரண்டு வேண்டும்.

அழிவுக்குப் பின்

மெல்கோரும் அங்கோலியன்டும் மரங்களை அழித்தனர். டெல்பெரியனின் இறுதி மலர் நிலவாயிற்று. லாரெலினின் இறுதிக் கனி கதிரவனாயிற்று. இரண்டும் வானின் நடுவே ஒன்றையொன்று கடக்கையில் ஒளி கலக்கும் என்பது முதல் ஏற்பாடு. புதிய நாள்களும் அக்கலப்பைக் கொண்டே எண்ணப்பட்டன. ஆனால் நிலவைச் செலுத்திய டிலியன் ஒழுங்காகச் செல்லவில்லை. உறக்கமும் ஓய்வும் இல்லாது போயின என்ற முறையீடும் எழவே, இருளுக்கும் ஒரு பங்கு ஒதுக்கப்பட்டது. பழைய அளவுகோலைப் புதிய ஒளியில் பொருத்தும் முயற்சி அத்துடன் நின்றது.

எல்ஃப் இனத்தார் பின்னர் வகுத்த கதிரவ ஆண்டில் ஆறு பருவங்கள் உள்ளன. தமிழ் மரபின் ஆறு பெரும்பொழுதுகள் உடனே நினைவுக்கு வரும். ஒப்புமை எண்ணளவில் மட்டுமே. தமிழில் பருவம் ஒவ்வொன்றும் இரு திங்கள் அளவினது. அங்கு நான்கு பருவங்கள் 54 நாளும், இரண்டு 72 நாளும் கொண்டவை. எல்ஃபுகள் ஆறு, பன்னிரண்டு என எண்ணியதன் விளைவே அது. 144 ஆண்டுகள் சேர்ந்த அவர்களது நெடுங்கால அலகான ‘யேன்’ என்பதும் அவ்வழிப்பட்டதே.

நாட்பெயரில் எஞ்சியது

அழிந்த ஒளி கிழமையில் தங்கியது. எல்ஃபுகளின் ஆறுநாள் கிழமையில் விண்மீன், கதிரவன், நிலவு ஆகியவற்றின் நாள்களை அடுத்து நான்காவதாக வருவது ‘அல்தூயா’. இரு மரங்களின் நாள் என்பது பொருள். கண்முன் உள்ள ஒளிகளுக்கு அடுத்து, இல்லாத ஒளிக்கும் ஒரு நாள் ஒதுக்கப்பட்டிருப்பது கருதத்தக்கது.

நூமெனோர் மக்கள் இப்பெயரை ‘அல்தேயா’ எனத் திருத்தினர். இப்போது அது வெள்ளை மரம் ஒன்றை மட்டுமே குறித்தது. அவர்கள் அரசவை முற்றத்தில் நின்ற நிம்லோத் என்னும் மரம் அவ்வெள்ளை மரத்தின் வழித்தோன்றல் எனக் கருதப்பட்டது. கடலோடிகளான அவர்கள் கடலுக்கும் ஒரு நாள் சேர்த்துக் கிழமையை ஏழு நாளாக்கினர். கடல்நாள் சேர்ந்ததால் எதுவும் இழக்கப்படவில்லை. மரநாளின் திருத்தம் அத்தகையதன்று. இரண்டாக இருந்தது ஒன்றாயிற்று; பொன்மரம் நாள்காட்டியிலிருந்து நீங்கியது. இரு ஒளியின் கலப்பால் பிறந்த காலக்கணக்கு, தம் அரசுக்குச் சான்றாக நின்ற ஒரு மரத்தை மட்டும் வைத்துக்கொண்டது. மொழி வளத்துக்காக டோல்கீன் சேர்த்த நுணுக்கம் என இதை ஒதுக்க இயலாது.

இக்கிழமை கைமாறி ஷையர் வாழ் ஹாபிட்டுகளிடம் வந்து சேர்ந்தபோது, நான்காம் நாள் ‘ட்ரூஸ்டே’ ஆயிற்று. மரம் என்னும் சொல் அப்பெயருக்குள் இன்னும் உள்ளது. ஆயினும் நாட்பெயர்களின் பொருளை ஹாபிட்டுகள் விரைவிலேயே மறந்துவிட்டனர் என்கிறது பின்னிணைப்பு.