செல்வமும் மனநிறைவும்

பொருள் மிகுந்தால் மனம் நிறையுமா, எளிய வாழ்வே நிறைவு தருமா என்பது பலர் உள்ளத்திலும் எழும் வினா ஆகும். பின்னலாடைத் தொழிலால் உலகறிந்த திருப்பூருக்கு அருகிலேயே இவ்வினாவை எண்ணிப் பார்க்கச் செய்யும் திருத்தலம் ஒன்று உள்ளது. கொங்கேழ் தலங்களுள் ஒன்றாகிய திருமுருகன்பூண்டியே அது.

சேரமான் பெருமாள் நாயனாரிடம் விடைபெற்றுத் திருவாரூர் திரும்பிய சுந்தரமூர்த்தி சுவாமிகள், அவர் அளித்த பெரும்பொருளுடன் இவ்வழியே வந்தார். சிவபெருமான் தம் பூதகணங்களை வேடர் வடிவில் ஏவி அனைத்தையும் கவரச் செய்தார். சுந்தரர் திருக்கோயிலை அடைந்து, வழிப்பறி நிகழும் இவ்விடத்தில் எம்பெருமான் எதற்காக எழுந்தருளியிருக்கிறார் என்று தோழமை உரிமையோடு வினவிப் பதிகம் பாடினார். பறிபோன பொருள்கள் யாவும் மீண்டும் கிடைத்தன. அப்பதிகம் ஏழாம் திருமுறையில் உள்ளது. இந்நிகழ்ச்சி இத்தலத்தில் வேடுபறி விழாவாகக் கொண்டாடப்பெறுகிறது.

யார் கொடுத்தாலும் பொருள் இறைவனுடையதே என்பதை உணர்த்தவே இத்திருவிளையாடல் நிகழ்ந்தது என்பர் பெரியோர். தேவைக்குக் கேட்பது குற்றமன்று என்பதும் இதனால் விளங்கும்.

சோழநாட்டுத் திருப்புகலூரில் நிகழ்ந்த இரு அற்புதங்கள் இக்கருத்தை மேலும் தெளிவாக்கும். பங்குனி உத்திரத் திருவிழாச் செலவுக்குப் பொருள் வேண்டிச் சென்ற சுந்தரர், அங்கே செங்கற்களைத் தலையணையாக வைத்துத் துயின்றார். விழித்தபோது அவை பொற்கட்டிகளாக மாறியிருந்தன. அதே தலத்தில் திருநாவுக்கரசர் உழவாரப்பணி செய்கையில், இறைவர் பொன்னையும் மணியையும் மண்ணில் தோன்றச் செய்தார். நாவரசரோ அவற்றைக் கற்களோடு சேர்த்து வாரிக் குளத்தில் எறிந்தார்.

ஒருவர் பொன்னை ஏற்றார், மற்றவர் எறிந்தார். அடியார்க்கு அளிப்பதற்காக ஏற்றவர் சுந்தரர். தொண்டே போதும் என எறிந்தவர் நாவரசர். தமக்கென எதனையும் பற்றாமையால் இருவரும் நிறைவுற்றனர்.

பற்று மிகுந்து அளவு மறந்தால் தொழிலும் துன்பமாகும். சாயக் கழிவுநீரால் நொய்யல் ஆறு கெட்டது. 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் திருப்பூர்ச் சாய ஆலைகளை மூட உத்தரவிட்டது. உழைப்போர் பலர் பிழைப்பின்றி வருந்தினர். ஆற்றுக்குச் செய்த தீங்கு, செய்தவரோடு செய்யாதவரையும் வாட்டியது.

ஆகவே செல்வத்தைப் பழிக்க வேண்டுவதில்லை. வறுமையைப் புகழவும் வேண்டுவதில்லை. நேர்வழியில் ஈட்டுதல், உழைத்தவர் கூலியை உரிய நாளில் கொடுத்தல், பிறரைப் பார்த்துக் கடன்பட்டு ஆடம்பரம் செய்யாதிருத்தல், உள்ளதில் ஒரு பங்கை இல்லாதவர்க்கு ஈதல் ஆகியவற்றைக் கைக்கொண்டால், மாளிகையிலும் குடிசையிலும் மனம் நிறையும். அந்நிறைவை முருகநாதப் பெருமான் அனைவருக்கும் அருள்வாராக.