அகத்தியர் மலை ஏறப்போகும் களக்காட்டுக்காரர்களுக்கு

வடதுருவத்தை ஒட்டிய ஸ்வால்பார்ட் தீவுகளில் நியூட்டன்டாப்பன் என்றொரு பனிமலை இருக்கிறது. உயரம் 1,713 மீட்டர். பனிச்சறுக்குக் கட்டைகளோடு மலையேறிகள் அதைத் தேடிப் போகிறார்கள். பொதிகையின் அகத்தியர் மலை அதைவிட உயரம், 1,868 மீட்டர். அங்கே மலையைப் போர்த்தியிருப்பது பனி, இங்கே சோலைக்காடு. கோடையிலும் தாமிரபரணி ஓடுகிறதென்றால் மழையைப் பிடித்து வைத்து மெல்ல விடும் அந்தக் காடுதான் காரணம். நாம் ஏறுவது நம் குடிநீரின் தலைமாட்டில். கீழே சொல்வதெல்லாம் அந்த நினைப்போடு சொல்வது.

செய்ய வேண்டியவை

- கேரளம் வழியாகப் போங்கள். மலை நம் எல்லையில் நின்றாலும், ஏற அனுமதி தருவது கேரள வனத்துறைதான். நாகர்கோவில், திருவனந்தபுரம், நெடுமங்காடு, விதுரா தாண்டி, நடை தொடங்கும் போனக்காடு போய்ச் சேர வேண்டும். பெரும்பாலும் ஜனவரி நடுவிலிருந்து பிப்ரவரி முடிய நடை திறந்திருக்கும். முன்பதிவு தொடங்கியதுமே இடங்கள் தீர்ந்துவிடும், அதனால் டிசம்பர் கடைசியிலிருந்தே அறிவிப்பைக் கவனியுங்கள்.

- வனத்துறை கேட்கும் மருத்துவச் சான்றிதழைக் கடமைக்கு வாங்காதீர்கள். இரத்த அழுத்தம், இதயம், மூட்டு எல்லாவற்றையும் உண்மையாகவே பார்த்துக்கொள்ளுங்கள். முதல் நாள் அதிருமலை முகாம் வரை சுமார் 14 கிலோமீட்டர். கரமனையாறு, அட்டையாறு தாண்டிய பிறகு வரும் ஏற்றத்துக்கு முட்டிடிச்சான் என்றே பெயர். நடக்கும்போது முட்டி நெஞ்சில் இடிக்கும் அளவுக்குச் செங்குத்து. களைத்த உடம்போடு அங்கே விழுந்தால் தூக்கி வர ஆள்தான் உண்டு, வண்டி கிடையாது.

- இந்த மலையின் பழங்குடிகளான காணி மக்கள் வழிகாட்டியாக வந்தால் அவர்கள் சொல் கேளுங்கள். நில் என்றால் நில்லுங்கள். யானை வாடையை அவர்கள் மூக்கு அறியும், நம் மூக்கு அறியாது. ஆரோக்கியப்பச்சை என்ற மூலிகையை அறிவியல் உலகத்துக்குக் காட்டித் தந்ததும் அவர்கள்தான்.

- அட்டைக்கு உப்பைத் துணியில் முடிந்து குச்சி நுனியில் கட்டிக்கொள்ளுங்கள். காலணி பாறையில் பிடிக்கிற அடிப்பாகம் உள்ளதாக இருக்கட்டும்.

- இரண்டாம் நாள் விடிந்ததும் உச்சிக்குக் கிளம்பிவிடுங்கள். பொங்காலைப்பாறைக்கு மேலே கயிற்றைப் பிடித்து ஏற வேண்டிய வழுக்குப் பாறைகள் உண்டு. மேகம் இறங்கிவிட்டால் இறங்குவது ஏறுவதைவிடக் கடினம்.

செய்யக்கூடாதவை

- காரையாறு பக்கமிருந்து திருட்டு வழியில் ஏற நினைக்காதீர்கள். அது களக்காடு முண்டந்துறை. 1988 முதல் புலிகள் காப்பகம். சட்டப்படி குற்றம் என்பது ஒருபுறம் இருக்கட்டும். வழி தவறினால் உங்களைத் தேடி வருகிற வனக்காவலர்கள் உயிரைப் பணயம் வைத்து வர வேண்டும்.

- பாறை நனைந்திருந்தால் கயிற்றில் தொங்காதீர்கள். உச்சியைப் பார்க்காமல் திரும்புவதில் எந்தக் குறைவும் இல்லை.

- பிளாஸ்டிக், மது, பூஜைச் சாமான் எதையும் கொண்டுபோகாதீர்கள். மூன்றுக்கும் தடை. கற்பூரம் கொளுத்தாததால் அகத்தியர் கோபித்துக்கொள்ளப் போவதில்லை. உச்சியில் உள்ள அகத்தியர் சிலையைத் தொடாதீர்கள். அதைக் காணி மக்கள் தங்கள் குலத்தின் தெய்வமாகக் காக்கிறார்கள்.

- பூவைப் பறிக்காதீர்கள். செருப்பு வடிவில் மஞ்சளாகப் பூக்கும் ஓர் ஆர்க்கிட் உலகிலேயே இந்த மலைத்தொடரில்தான் காட்டில் வளர்கிறது. சேகரிப்பவர்கள் பிடுங்கிப் பிடுங்கியே அதை அழிவின் விளிம்புக்குக் கொண்டுபோனார்கள். பார்த்தால் வழிகாட்டியைத் தவிர யாரிடமும் இடத்தைச் சொல்லாதீர்கள், படத்தையும் பரப்பாதீர்கள்.

- கூட வருகிற பெண்களிடம் "உன்னால் முடியுமா" என்று கேட்காதீர்கள். நீதிமன்றத் தீர்ப்பால் 2019-இல்தான் அவர்களுக்கு இந்த வழி திறந்தது, அந்த ஜனவரியிலேயே தன்யா சனல் என்ற பெண் உச்சியைத் தொட்டுவிட்டார்.

- இடம் கிடைக்காவிட்டால் வருந்தாதீர்கள். நம் ஊர்த் தலையணை இருக்கிறது, அனுமதி வாங்கினால் செங்கல்தேரியும் இருக்கிறது. அங்கேயும் சோப்பு, ஷாம்பு, எண்ணெய் வேண்டாம். பச்சையாறு அங்கிருந்துதான் வாழைத்தோட்டங்களுக்குப் போக வேண்டும்.