மின்தூக்கியின் வேகம்

வானளாவிய மாடங்களைக் கட்டும் ஆற்றல் மனிதனுக்குப் பண்டைக் காலந்தொட்டே உண்டு. ஆயினும், அத்தகைய உயரங்களில் நாள்தோறும் ஏறி இறங்கி வாழும் வசதி அவனுக்கு வாய்த்து இருநூறு ஆண்டுகள்கூட ஆகவில்லை. ஐந்தாறு மாடிகளுக்கு மேல் நாள்தோறும் படியேறிச் செல்ல எவரும் எளிதில் ஒருப்படார். அந்நிலையை மாற்றிய பொறியே மின்தூக்கி. மக்கள் இதனை லிஃப்ட் என்று வழங்குவர். ஏற்றவும் இறக்கவும் பயன்படும் பொறிக்குத் ‘தூக்கி’ என்று மட்டும் பெயர் அமைந்தது குறைபோலத் தோன்றலாம். இறங்குதற்கு வழியில்லாத ஏற்றத்தை எவர் விரும்புவர்? ஒன்றைக் கூற மற்றொன்று தானே அடங்கும்.

பாரங்களை மேலேற்றும் தூக்கிகள் முன்னரும் இருந்தன. கயிறு அறுந்தால் அவை வீழ்ந்து நொறுங்கும் என்பதனால், மனிதர் அவற்றில் ஏற அஞ்சினர். அவ்வச்சத்தைப் போக்கியவர் எலிஷா ஓட்டிஸ் என்னும் அமெரிக்கர். 1854 ஆம் ஆண்டில் நியூயார்க் நகரப் பொருட்காட்சியில், உயரத் தூக்கப்பட்ட ஒரு மேடையின்மீது அவர் தாமே ஏறி நின்றார். மேடையைத் தாங்கிய கயிற்றை அறுக்குமாறு பணித்தார். கயிறு அறுந்தது. கூடியிருந்தோர் திகைத்து நோக்க, மேடையோ சிறிதளவு இறங்கி அப்படியே நின்றுவிட்டது. மேடையின் மேற்புறத்தில் வளைந்த வில் ஒன்றை அவர் பொருத்தியிருந்தார். கயிறு இழுத்துக்கொண்டிருக்கும்வரை அவ்வில் வளைந்தே நிற்கும். கயிறு அறுந்த நொடியில் நிமிர்ந்து, இருபுறத் தண்டுகளிலும் உள்ள பற்களைக் கவ்விக்கொள்ளும். எளிய அமைப்பே, ஆனால் தாம் செய்த பொருளின்மீது தம் உயிரையே வைத்துக் காட்டிய துணிவன்றோ அன்று மக்கள் நம்பிக்கையைப் பெற்றது!

1857 ஆம் ஆண்டில் நியூயார்க்கில் ஐந்து மாடிக் கடை ஒன்றில் மக்கள் ஏறிச் செல்லும் தூக்கியை ஓட்டிஸ் அமைத்தார். அதனை இயக்கியது நீராவி. அதன் வேகம் நிமிடத்திற்கு 40 அடியே. படிக்கட்டில் விரைந்தேறும் இளைஞன் ஒருவன் அதனை முந்தியிருக்கக்கூடும். மின்னாற்றலால் இயங்கும் தூக்கியை 1880 இல் ஜெர்மனியின் மன்ஹைம் நகரில் சீமென்ஸ் என்பார் இயக்கிக் காட்டினார்.

இன்றைய மின்தூக்கியின் அமைப்பை அறிதல் அரிதன்று. கிணற்றில் நீர் இறைக்கும் துலாவின் பின்தலையில் பாரம் கட்டுவர். அப்பாரம் நீர்ச்சாலைத் தூக்குதற்குத் துணைபுரியும். அவ்வாறே, எஃகுக் கயிற்றின் ஒரு தலையில் அறையும், மறுதலையில் எதிர்ப்பாரமும் தொங்கும். அறை ஏறுங்கால் பாரம் இறங்கும். ஆதலின், மின்பொறி இரண்டிற்கும் இடையிலுள்ள எடை வேறுபாட்டையே பெரிதும் சுமக்கிறது. கயிறும் ஒன்றன்று, பல கயிறுகள் உண்டு. அறை அளவிற்கு மீறி விரைந்தால், அதனை உணரும் கருவி ஒன்று கவ்விகளை இயக்கி, வழித்தண்டுகளை இறுகப் பற்றச்செய்யும்.

இத்துணைக் காவல்களும் ஒருங்கே அழிந்த நிகழ்ச்சி ஒன்றும் உண்டு. 1945 ஆம் ஆண்டு சூலை 28 ஆம் நாள், மூடுபனியில் வழிதவறிய போர்விமானம் ஒன்று நியூயார்க்கின் எம்பயர் ஸ்டேட் கட்டடத்தின்மீது மோதிற்று. தூக்கியின் கயிறுகள் அறுந்தன. தூக்கியை இயக்கும் பணியிலிருந்த பெண்ணொருவர் ஏறத்தாழ 75 மாடி ஆழத்திற்கு அறையோடு வீழ்ந்தார். கடுங்காயமுற்ற போதிலும் அவர் உயிர்பிழைத்தார். அறுந்து அடியில் குவிந்த கயிறுகளும், குறுகிய குழியுள் அழுந்திய காற்றும் வீழ்ச்சியைத் தணித்தன என்பர்.

2004 ஆம் ஆண்டில் தைவான் நாட்டின் தலைநகரில் தைப்பே 101 என்னும் கட்டடம் திறக்கப்பட்டது. அதன் மின்தூக்கி 5 ஆம் மாடியினின்று 89 ஆம் மாடிக்கு 37 வினாடிகளில் செல்லும். உச்ச வேகம் வினாடிக்கு 16.8 மீட்டர், அஃதாவது மணிக்கு 60 கிலோமீட்டர். ஓட்டிஸின் முதல் தூக்கியைவிட இஃது எண்பது மடங்கிற்கு மேல் விரைவுடையது. பின்னர்ச் சீனத்தின் ஷாங்காய், குவாங்சௌ நகரங்களில் வினாடிக்கு 20 மீட்டரைக் கடந்த தூக்கிகளும் தோன்றின.

இத்துணை வேகத்தில் செல்வோர் என்ன உணர்வர்? வேகத்தை நம் உடல் உணர்வதில்லை. வேகத்தின் மாற்றத்தையே உணர்கிறது. மாற்றம் ஒவ்வொரு வினாடிக்கும் 1 மீட்டர் அளவினதாயின், 50 கிலோ எடையுள்ள மாணவன் ஒருவன் அவ்வறையில் எடைகாட்டும் கருவியின்மீது நின்றால், ஏறத் தொடங்குங்கால் அது 55 கிலோ காட்டும். கால்கள் தரையில் அழுந்துவனபோல் தோன்றும். வேகம் நிலைபெற்றதும் மீண்டும் 50 கிலோவே. அப்பொழுது கண்ணை மூடி நிற்பவனுக்குத் தூக்கி நிற்கிறதா செல்கிறதா என்பது விளங்காது. மேலே சென்று வேகம் குறையுங்கால் 45 கிலோவாகும். வயிறு சற்றே மேலெழுவது போன்ற கூச்சம் தோன்றும். இம்மாற்றத்தை மென்மையாக நிகழ்த்த வேண்டியிருத்தலால், விரைந்த தூக்கிகளின் பயணத்தில் பெரும்பகுதி வேகத்தைக் கூட்டுவதிலும் குறைப்பதிலுமே கழிகிறது.

செவியின் தொல்லை இதனினும் பெரிது. உயரச் செல்லச் செல்லக் காற்றழுத்தம் குறையும். தைப்பே தூக்கியின் 37 வினாடிப் பயணத்தில் நூற்றுக்கு நான்கு பங்கிற்குச் சற்று மேலாகவே அது குறைந்துவிடும். செவிப்பறைக்கு உட்புறத்தும் காற்று உண்டு. அக்காற்று தொண்டைக்குச் செல்லும் சிறு குழல் வழியே வெளியேறினாலன்றிச் செவி அடைத்துக்கொள்ளும். ஏறுங்கால் உட்காற்று தானே வெளியேறும். இறங்குங்காலோ வெளியழுத்தம் மிகுதலால் அக்குழல் எளிதில் திறவாது. எச்சில் விழுங்கினாலும் கொட்டாவி விட்டாலுமே திறக்கும். இதன்பொருட்டே தைப்பே தூக்கியின் அறைக்குள் காற்றழுத்தத்தைச் சீராக மாற்றும் கருவி வைக்கப்பட்டுள்ளது. ஏறுங்கால் வினாடிக்கு 16.8 மீட்டர் செல்லும் அத்தூக்கி, இறங்குங்கால் 10 மீட்டரே செல்கிறது. பொறியால் அதனினும் விரைந்திறங்க இயலும், செவியே இடந்தருவதில்லை.