பிடித்த பி.எஃப். பணம் கணக்கில் ஏறவில்லையா?

சோளிங்கர் போன்ற ஊர்களில் நகராட்சிக்காக ஒப்பந்த அடிப்படையில் குப்பை அள்ளுகிறவர்கள், தண்ணீர்த் தொட்டி பார்த்துக்கொள்கிறவர்கள் முதலில் கேட்க வேண்டியது சம்பள ரசீது. அதில் பிடித்தம் இருந்தும் யு.ஏ.என். என்ற பி.எஃப். உறுப்பினர் எண்ணுக்கான பாஸ்புக்கில் வரவு இல்லை என்றால் அதுவே சாட்சி. இரண்டையும் நகலெடுத்து வையுங்கள்.

"காண்ட்ராக்டரைக் கேளுங்க" என்று அலுவலகத்தில் கைகாட்டுவார்கள். நம்பித் திரும்பிவிடாதீர்கள். 2011 ஜனவரி 8 அறிவிக்கையோடு நகராட்சிகளும் பி.எஃப். சட்டத்துக்குள் வந்துவிட்டன, ஒப்பந்ததாரர் கட்டாவிட்டால் வேலை வாங்கிய நிர்வாகமே முதன்மை முதலாளி என்ற முறையில் பொறுப்பு. பவன் ஹன்ஸ் என்ற அரசு ஹெலிகாப்டர் நிறுவனத்தின் ஒப்பந்த ஊழியர்களுக்கும் பி.எஃப். உண்டு என்று 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொன்னது.

வேலூர் பி.எஃப். அலுவலகத்துக்கு எழுத்தில் புகார் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். 1952ஆம் ஆண்டுச் சட்டத்தின் 7ஏ பிரிவு விசாரணையில் அதிகாரிக்கு ஆட்களை வரவழைக்கவும் ஆவணம் கேட்கவும் நீதிமன்றம் போன்ற அதிகாரம் உண்டு. பாக்கிக்கு ஆண்டுக்கு 12 சதவீத வட்டி, தண்டத்தொகை தனி.

புகார் அசையாமல் கிடந்தால் 10 ரூபாய்க் கட்டணத்தில் தகவல் உரிமை மனு, பிறகு சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட். வக்கீல் செலவுக்கு அஞ்ச வேண்டாம்: பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் பாராமல் இலவச சட்ட உதவி கிடைக்கும். எண் 15100.

ஜி.பி.எஃப். (பொது வருங்கால வைப்பு நிதி) உள்ள மாநில அரசு ஊழியர்களுக்கு இந்த வழி பொருந்தாது. அவர்கள் துறைத் தலைமை வழியாகச் சென்னை மாநிலக் கணக்காயர் அலுவலகத்தை அணுக வேண்டும்.