வெட்கம் யாருக்கு இருக்கணும்?



டி.வி.யில் இந்திப் பாட்டு ஓடினால் நம்மில் பல பேருக்குப் பாஷை புரியாது. ஆனால் என்ன காட்டுகிறார்கள் என்பது சின்னப் பிள்ளைக்கும் புரியும். பார்த்ததும் "சீ, இவளுக்கு வெட்கமே இல்லையா?" என்கிறோம். அந்தக் கேள்வியை யாரைப் பார்த்துக் கேட்கணும் என்பதுதான் இந்த மாதப் பாடம்.

ஹெலன் என்ற நடிகை பர்மாவில் பிறந்தவர். இரண்டாம் உலகப் போர் நேரத்தில் குடும்பத்தோடு அகதியாக நடந்தே இந்தியா வந்தவர். அம்மாவின் நர்ஸ் சம்பளம் போதவில்லை. அதனால் சினிமாவில் கும்பலில் ஒருத்தியாக ஆடப் போனார். 1958-ல் 'ஹவுரா பிரிட்ஜ்' படத்தில் ஆடிய ஒரு பாட்டில் நாடெங்கும் பேர் தெரிந்தது. பிறகு பல வருஷம் கதாநாயகி புடவை கட்டிப் பூஜை செய்வாள், கிளப்பில் ஆடும் கெட்ட பெண் ஹெலன். பார்க்கிறவர்களுக்கு ரெண்டும் வேண்டியிருந்தது, பழி மட்டும் ஒருத்திக்கு! அவருக்கு அரசு பத்மஸ்ரீ கொடுத்தது 2009-ல்.

பின்னால் கதாநாயகிகளே அப்படி ஆட வந்தார்கள். கதைக்குச் சம்பந்தமில்லாமல் நடுவில் வரும் ஆட்டத்துக்கு 'ஐட்டம் பாட்டு' என்று பேரும் வந்தது. ஐட்டம் என்றால் சரக்கு. 2012-ல் வந்த 'தபாங் 2' படப் பாட்டு ஒன்றில் ஆடுகிற பெண் தன்னையே தந்தூரிக் கோழி என்று சொல்லிக் கொள்கிறாள், குடிக்குத் தொட்டுக்கிற கறி மாதிரி.

இது சினிமாவோடு நிற்கவில்லை. மும்பையில் ஒருவன், பள்ளி விட்டு வந்த 16 வயசுப் பெண்ணின் முடியைப் பிடித்து இழுத்து 'ஐட்டம்' என்று கூப்பிட்டான். அந்தப் பிள்ளை பயந்து ஒதுங்கவில்லை, புகார் கொடுத்தாள். 2015-ல் நடந்த இதற்கு 2022-ல் போக்சோ நீதிமன்றம் ஒன்றரை வருஷம் சிறை விதித்தது. அந்தச் சொல்லே பெண்ணைப் போகப் பொருளாக்குகிறது என்றும் சொன்னது.

அப்போ ஆடுவதே தப்பா? இல்லை. 1998-ல் வந்த 'தில் சே' படத்தில் நம்ம நீலகிரி மலை ரயிலின் மேலே மலைக்கா அரோரா ஆடுவார். கதாநாயகனும் கூடவே ஆடுவார். மலை, ரயில், ஆள் என்று முழுசாகத் தெரியும். (கதையில் அந்தப் பெண்ணுக்கு வேறு வேலை இல்லை என்பது வேறு விஷயம்.) பல ஐட்டம் பாட்டுகளில் கேமரா இடுப்பைத் தனியாக, மாரைத் தனியாகக் காட்டும், கறிக்கடையில் துண்டு போடுகிற மாதிரி. முகமே இருக்காது. நடிகை ஷபானா ஆஸ்மியும் இந்தக் குறையை வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார். எங்கே கேமரா வைப்பது என்று முடிவு செய்வது ஆடுகிறவள் இல்லை.

சட்டம் என்ன சொல்கிறது? பெண்களை இழிவாகக் காட்டுவதைத் தடுக்க 1986-ல் சட்டம் வந்தது. விளம்பரம், புத்தகம், படங்களுக்கு அது பொருந்தும். சினிமா தணிக்கையின் கீழ் வருவதால் அதில் விலக்கு. பெண்களைக் கேவலப்படுத்தும் காட்சி கூடாது என்று தணிக்கைக்கான 1991 வழிகாட்டுதலில் இருக்கிறது. அப்படியும் இந்தப் பாட்டுகள் வருகின்றன.

குழுவில் செய்து பார்க்க: ஏதாவது ஒரு பாட்டைச் சத்தத்தை நிறுத்திவிட்டுப் போடுங்கள். முகமில்லாமல் உடம்பு மட்டும் எத்தனை தடவை வருகிறது என்று ஒருவர் எண்ணட்டும். ஆண்களை அப்படிக் காட்டுவது எத்தனை தடவை என்று இன்னொருவர் எண்ணட்டும். வீட்டுப் பிள்ளைகளையும் கூட உட்கார வையுங்கள், பையன்களை அவசியம். "இந்தப் பொண்ணு பேர் என்ன? கதையிலே இவ யாரு?" என்று கேளுங்கள். அவர்கள் சொல்லும் பதிலை அப்படியே நோட்டில் எழுதி, அடுத்த கூட்டத்துக்குக் கொண்டு வாருங்கள்.