கோழிகளைப் பற்றும் பேனும் செள்ளும்

கோழி முட்டையிடுதல் குறைந்தால் தீனியையே குறை கூறுவது நம்மவர் வழக்கம். இறகினுள்ளும் கூட்டினுள்ளும் வாழும் நுண்ணிய ஜந்துக்களைத் தேடிப் பார்ப்போர் சிலரே.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு கிராமத்தில் அடைக்கோழியொன்று முட்டைகளை விட்டெழுந்ததென என்னை அழைத்தனர். பகலில் இறகுகளை விலக்கிப் பார்த்து, பேன் இல்லையென்றும், கோழியின் குணமே அதுவென்றும் கூறிவிட்டேன். என் சொல்லை நம்பி வேறொரு கோழியை அதே கூடையில் அமர்த்தினர். அதுவும் இரண்டாம் இரவில் எழுந்துவிட, பன்னிரண்டு முட்டைகளும் குளிர்ந்து கெட்டன. பின்னர் இரவில் விளக்குடன் நோக்கியபோது, கூடையின் விளிம்பெங்கும் செந்நிறப் புள்ளிகள் ஊர்ந்தன. பகற் சோதனையே போதுமென்று எண்ணியது என் பிழை.

அறியும் விதம்:

1. பேன். இது எப்போதும் கோழியின் உடலிலேயே வாழும், வைக்கோல் நிறமுடையது. மலத்துவாரத்தைச் சுற்றியுள்ள இறகுகளை விலக்கின் விரைந்தோடும். இறகின் அடியில் அதன் முட்டைகள் வெண்கொத்தாக ஒட்டியிருக்கும்.

2. செஞ்செள். பகலில் வெடிப்புகளில் ஒளிந்து, இரவில் இரத்தம் உறிஞ்சும். பசித்தபோது சாம்பல் நிறமும், உண்டபின் சிவப்புமாம். வெப்பகாலத்தில் சுமார் 7 நாட்களில் ஒரு தலைமுறை முதிர்ந்துவிடும். தீனியின்றியும் பல மாதம் உயிர்வாழுமாதலால், கூட்டைச் சில வாரம் வெறுமையாக விடுதல் பயன் தராது. கொண்டை வெளிறுதலும் குஞ்சுகள் மெலிந்து இறத்தலும் இதன் குறிகள்.

3. உண்ணி. இதுவும் இரவில் வந்து கடிப்பதே. இரத்தத்தை உறிஞ்சுவதோடு, கோழிகளுக்கு ஒருவகைக் கொடிய காய்ச்சலையும் பரப்பும்.

நிவாரணம்:

பேனுக்குக் கோழியையும், செள்ளுக்கும் உண்ணிக்கும் கூட்டையும் முதலில் கவனிக்க வேண்டும். பழைய வைக்கோலை எரித்து, கழிகளையும் கூடைகளையும் கொதிநீரால் கழுவி, வெடிப்புகளை அடைத்துச் சுண்ணாம்பு பூசுக. செள்ளின் முட்டைகள் பொரிந்து வருமாதலால், 7 நாள் கழித்து மீண்டும் அவ்வாறே செய்க. சாம்பலும் மணலும் சிறிது கந்தகத் தூளும் கலந்த குழியொன்று அமைப்பின், கோழிகள் அதில் புரண்டு தாமே பேனைக் குறைத்துக்கொள்ளும்.

முற்காலத்தில் டி.டி.டி. தூவினர், இந்தியாவில் வேளாண்மைக்கு அது 1989-ல் விலக்கப்பட்டது. பயிருக்குத் தெளிக்கும் மருந்தைக் கோழிமேல் இடலாகாது. தொல்லை மிகுந்தால் கால்நடை மருத்துவரை அணுகி, மருந்திட்டபின் எத்தனை நாள் முட்டையை உண்ணலாகாதென்பதையும் கேட்டறிக.

புதிதாக வாங்கிய கோழியைச் சோதியாமல் மந்தையில் சேர்த்தல் தகாது. கிராமாதிகாரிகள் இதனைக் கோழி வளர்ப்போர்க்கு எடுத்துரைப்பாராக. அடைக்கு வைக்கும் முன் ஓர் இரவு விளக்கெடுத்துக் கூடையைப் பார்ப்பதால் வரும் சிரமம் அற்பமே.