மாட்டுக்குக் காய்ச்சலா? கையை நம்பாதீர்கள்!



"மனுசனுக்கு மருந்து கொடுக்கிற டிரசருக்கு மாட்டுக் கொட்டகையில என்ன வேலை?" என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். செண்டாயான் பக்கம் எத்தனையோ தோட்ட நிலங்கள் வீடமைப்புப் பகுதிகளாக மாறிவிட்டன. ஆனாலும் ஒன்றிரண்டு மாடு வைத்து, பால் கறந்து, பிள்ளைகளின் பள்ளிச் செலவைச் சமாளிக்கும் குடும்பங்கள் நம்மிடையே இன்னும் இருக்கின்றன. மாதக் கடைசியில் சம்பளம் கரைந்த பிறகு அந்த மாடுதான் வீட்டுக்கு வங்கி. அந்த வங்கி ஒரே இரவில் மூடிப்போனால் என்ன ஆகும்? அப்படி மூடிப்போனதை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். அதில் என் தவறும் உண்டு. ஆகவேதான் இம்மாதம் இந்தப் பாடம்.

அந்த ஓர் இரவு

நான் வேலைக்குச் சேர்ந்த புதிது. இரவு எட்டு மணி இருக்கும். லயத்திலிருந்து ஒரு பாட்டி மூச்சு வாங்க ஓடி வந்தார். "ஐயா, நேத்துதான் கன்னு போட்டுச்சு. சாயங்காலம் படுத்த மாடு எந்திரிக்கவே இல்ல. கொஞ்சம் வந்து பாருங்கய்யா" என்றார்.

போனேன். காதைத் தொட்டேன், சில்லென்று இருந்தது. கொம்படியைத் தொட்டேன், அதுவும் சில்லென்றுதான் இருந்தது. "சூடே இல்ல பாட்டி, காய்ச்சல் கிடையாது. கன்னு போட்ட களைப்புதான். காலையில மாட்டு டாக்டருக்குச் சொல்லலாம்" என்று தைரியம் சொல்லிவிட்டு வந்து படுத்துவிட்டேன்.

விடியற்காலை பெரட்டுக்கு முன்னால் போய்ப் பார்த்தேன். மாடு செத்துக் கிடந்தது. கன்று பக்கத்தில் நின்று கத்திக்கொண்டிருந்தது. பாட்டி என்னை ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. அதுதான் இன்றும் என்னை உறுத்துகிறது.

பின்னர் ஒரு கால்நடை மருத்துவரிடம் நடந்ததைச் சொன்னேன். "கன்று போட்ட மாட்டுக்கு உடம்பு சில்லிட்டதே ஆபத்தின் அடையாளம். அது பால் காய்ச்சலாக இருந்திருக்கும். அன்று இரவே சுண்ணாம்புச் சத்து ஊசி போட்டிருந்தால் பிழைக்க வாய்ப்பு இருந்தது" என்றார். பால் காய்ச்சல் என்று பெயர்தான் காய்ச்சல். உண்மையில் அந்நோயில் உடல் வெப்பம் ஏறுவதில்லை, இறங்குகிறது! "காய்ச்சல் இல்லை, காலையில் பார்க்கலாம்" என்ற என் சொல்தான் அந்த மாட்டின் நேரத்தைத் தின்றுவிட்டது.

கை ஏன் பொய் சொல்கிறது?

நம் உடம்பின் வெப்பம் சுமார் 37 டிகிரி செல்சியஸ். மாட்டின் இயல்பான வெப்பமோ 38 முதல் 39.3 வரை. இரைப்பையில் புல் புளித்துச் செரிக்கும்போது ஓயாமல் சூடு உண்டாகிறது. ஆகவே நல்ல மாட்டைத் தொட்டாலும் நம் கைக்குச் சூடாகத்தான் தெரியும்.

காதையும் நம்ப முடியாது. மழையில் நனைந்தால் காது சில்லிடும். காய்ச்சல் ஏறத் தொடங்கும் நேரத்தில் உடம்பு சூட்டை உள்ளே இழுத்து வைத்துக்கொள்வதால் அப்போதும் காது சில்லிடும். நமக்குக் குளிர்காய்ச்சல் வரும்போது கைகால் சில்லென்று ஆகிறதல்லவா? அதே கதைதான். பால் காய்ச்சலிலும் காது சில்லிடும். ஒரே சில்லிப்பு, மூன்று காரணங்கள்! "மூக்கு காய்ஞ்சிருக்கு" என்பதும் ஒரு குறிப்பு மட்டுமே, தீர்ப்பு அல்ல.

2020-இல் கோவிட் வந்தபோது நெற்றிக்கு நேரே நீட்டினார்களே, துப்பாக்கி போன்ற ஒரு கருவி, அதுவும் மாட்டுக்கு உதவாது. அது தோலின் மேற்பரப்பைத்தான் அளக்கும். முடியும் வெயிலும் ஈரமும் கணக்கைக் கெடுத்துவிடும். மாட்டுக்கு நம்பகமான இடம் ஆசனவாய் ஒன்றே.

அளக்கும் முறை

தெர்மாமீட்டர் ஒன்று வாங்கி மாட்டுக்கென்றே தனியாக வையுங்கள். மருந்துக்கடையில் கிடைக்கும் மின்கலத் தெர்மாமீட்டர் போதும். அதை மீண்டும் மனிதருக்கு, முக்கியமாகக் குழந்தைகளுக்கு, ஒருபோதும் பயன்படுத்தக் கூடாது. பின்முனையில் ஒரு நூலைக் கட்டி, நூலின் மறுமுனையில் துணிக் கிளிப் ஒன்றை மாட்டிக்கொள்ளுங்கள்.

1. நேரம்: காலையில் மேய்ச்சலுக்கு விடும் முன் அளப்பது நல்லது. உடல் வெப்பம் விடியலில் குறைவாகவும் மாலையில் கூடுதலாகவும் இருப்பது இயற்கை. வெயிலில் நின்ற மாட்டையோ நடந்து வந்த மாட்டையோ உடனே அளக்காதீர்கள். ஒரு மணி நேரம் நிழலில் நிற்கட்டும்.

2. கட்டுதல்: தலையைக் கம்பத்தில் கட்டி, மாட்டுக்குப் பழக்கமானவர் ஒருவர் முன்னால் நிற்க வேண்டும். நீங்கள் நேர் பின்னால் நிற்காமல், பின்தொடையை ஒட்டினாற்போல் பக்கத்தில் நில்லுங்கள். மாடு பக்கவாட்டிலும் வளைத்து உதைக்கும்! பேச்சுக் கொடுத்துக்கொண்டே தடவி, வாலை மெதுவாகத் தூக்குங்கள்.

3. செருகுதல்: முனையில் தேங்காய் எண்ணெய் தடவி, மெல்லத் திருகியபடி நான்கு விரல்கடை அளவு உள்ளே விடுங்கள். முனை குடலின் சுவரைத் தொடும்படி சற்றுச் சாய்த்துப் பிடியுங்கள். சாணத்துக்குள் குத்தி நின்றால் கணக்குத் தவறும். சாணம் போட்ட உடனே அளந்தாலும் குறைவாகக் காட்டும். கிளிப்பை வால் முடியில் மாட்டிவிடுங்கள்.

4. படித்தல்: மின்கலக் கருவியானால் "பீப்" ஒலி கேட்கும் வரையிலும், பழைய பாதரசக் கருவியானால் மூன்று நிமிடமும் பொறுங்கள். பாதரசக் கருவியை அளக்கும் முன் உதறி 37-க்குக் கீழே இறக்கிக்கொள்ள வேண்டும். அது உடைந்தால் பாதரசத்தைக் கையால் தொடாதீர்கள், விளக்குமாற்றால் கூட்டாதீர்கள். தாளால் ஒதுக்கி எடுத்து, மூடியுள்ள புட்டியில் போட்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டு வாருங்கள்.

5. கழுவுதல்: பச்சைத் தண்ணீரில் சோப்புப் போட்டுக் கழுவி, ஸ்பிரிட்டால் துடையுங்கள். வெந்நீர் கூடாது. உங்கள் கைகளையும் சோப்புப் போட்டுக் கழுவுங்கள்.

எண் என்ன சொல்கிறது?

38 முதல் 39.3 வரை: இயல்பு. இளங்கன்றுக்கு 39.5 வரை இருக்கலாம். ஆட்டுக்கு இயல்பே சற்றுக் கூடுதல். ஆகவே மாட்டுக் கணக்கை ஆட்டுக்குப் போடாதீர்கள்.

39.4 முதல் 39.9 வரை: சந்தேகம். வெயிலில் நின்றதா, ஓடியதா, பருவத்துக்கு வந்திருக்கிறதா என்று பாருங்கள். நிழலும் தண்ணீரும் கொடுத்து ஒரு மணி நேரம் கழித்து மறுபடியும் அளங்கள்.

40-உம் அதற்கு மேலும்: காய்ச்சல் என்று எடுத்துக்கொண்டு மாட்டைத் தனியே கட்டுங்கள். அன்றே கால்நடை இலாகாவுக்குச் சொல்லுங்கள். 41-ஐத் தொட்டால் ஒரு மணி நேரமும் தாமதிக்கக் கூடாது. அதோடு தொண்டை வீங்கி மூச்சு இழுத்தால் தொண்டை அடைப்பானாக இருக்கலாம். அது ஒரே நாளில் கொன்றுவிடும்.

37.8-க்குக் கீழே: இதைத்தான் நான் அன்று தவறவிட்டேன். கன்று போட்டு மூன்று நாட்களுக்குள் மாடு தள்ளாடினாலோ, படுத்து எழ முடியாமல் கழுத்தை விலாப் பக்கம் மடித்து வைத்துக்கொண்டாலோ, நள்ளிரவானாலும் மருத்துவரை அழையுங்கள். அவர் வரும்வரை மாடு பக்கவாட்டில் சாய்ந்துவிடாதபடி வைக்கோல் மூட்டையை அண்டக் கொடுத்து, நெஞ்சின்மேல் நிமிர்ந்து படுக்க வையுங்கள். வாயில் எதையும் ஊற்றாதீர்கள். விழுங்கும் சக்தி குறைந்திருப்பதால் மருந்து நுரையீரலுக்குப் போய்விடும்.

கன்று போடாத மாடும் திடீரென்று சில்லிட்டு விழுந்தால் நஞ்சையும் நினைத்துப் பாருங்கள். மருந்து அடித்த புல்லை மேய்ந்ததா? முற்காலத்தில் ரப்பர் தோட்டங்களில் லாலானை அழிக்க ஆர்சனிக் கலந்த மருந்தை அடித்தார்கள். பராகுவாட் நம் நாட்டில் 2020-இல் தடை செய்யப்பட்டுவிட்டது. ஆனாலும் வேறு களைக்கொல்லிகள் இருக்கவே செய்கின்றன. எங்கே, எப்போது அடித்தார்கள் என்று மண்டோரிடம் கேட்டு மருத்துவரிடம் சொல்லுங்கள்.

எண்ணோடு கதையும் வேண்டும்

வெறும் எண்ணும் சில நேரம் ஏமாற்றும். நிறைசினை மாட்டுக்குக் கன்று போடுவதற்கு முதல் நாள் வெப்பம் ஏறக்குறைய அரை டிகிரி இறங்குவது இயல்பே. அது நோயல்ல, "இன்றோ நாளையோ கன்று வரும்" என்ற சேதி.

அதேபோல் நம் நாட்டுப் புழுக்கத்தில், முக்கியமாக ஃபிரீசியன் கலப்பு மாடுகளுக்கு, நோயில்லாமலே 40 வரை ஏறலாம். வாயைத் திறந்து இரைக்கும், எச்சில் ஒழுகும், நிமிடத்துக்கு 60-க்கு மேல் மூச்சு விடும். இதற்கு நிழலும், குடிக்கத் தண்ணீரும், உடம்பில் ஊற்றும் தண்ணீரும், காற்றும்தான் மருந்து. வெப்பம் இறங்கி மாடு தீனி எடுத்தால் அது வெயிலின் வேலை. நிழலிலும் இறங்காமல் நின்றால் நோயின் வேலை.

ஆகவே ஒரு பள்ளிக்கூட நோட்டுப் புத்தகம் போடுங்கள். மாடு நன்றாக இருக்கும்போதே ஐந்து நாள் காலையில் அளந்து எழுதி வையுங்கள். அதுதான் உங்கள் மாட்டின் சொந்த இயல்பு. நோய் வந்தால் தேதி, நேரம், எண் இவற்றோடு தீனி எடுத்ததா, அசை போட்டதா, எவ்வளவு பால் கறந்தது, சாணமும் சிறுநீரும் எப்படி என்பதையும் குறியுங்கள். "மாட்டுக்கு ஒடம்பு சரியில்லீங்க" என்று சொல்வதைவிட, "காலையில் 40.6, நேற்றிலிருந்து அசை போடவில்லை, சிறுநீர் சிவப்பாகப் போகிறது" என்று சொன்னால், உண்ணியால் வரும் காய்ச்சலோ என்று மருத்துவர் உடனே யோசிப்பார். அதற்குரிய மருந்தோடு வருவார்.

முன்னே வரும் சேதி

ஊரில் பெரியவர்கள் "வெக்கை நோய்" என்பார்களே, மந்தை மந்தையாக மாடுகளைக் கொன்ற கொள்ளைநோய், அதன் பெயரிலேயே வெப்பம் இருக்கிறது. அந்நோயில் முதலில் காய்ச்சல் வரும், இரண்டு மூன்று நாள் கழித்துத்தான் வாயில் புண் தெரியும். புண்ணைப் பார்த்த பிறகு பிரித்துக் கட்டியவர்கள் பிந்திப்போனார்கள். தடுப்பூசியாலும் இடைவிடாத கண்காணிப்பாலும் 2011-இல் அந்நோய் உலகத்திலிருந்தே ஒழிந்ததாக அறிவிக்கப்பட்டது. மனிதரின் பெரியம்மைக்கு அடுத்தபடியாக மனித முயற்சியால் அடியோடு ஒழிக்கப்பட்ட நோய் அது.

ஆனால் கோமாரி ஒழியவில்லை. 2021-இல் தோல் கழலை நோயும் மலேசியாவுக்கு வந்தது. இவற்றிலும் கொப்புளத்துக்கும் கழலைக்கும் முன்னால் காய்ச்சல் வரும். அன்றே அளந்து அன்றே பிரித்துக் கட்டினால் உங்கள் மாட்டோடு பக்கத்து வீட்டுக்காரரின் மாடும் பிழைக்கும்.

செய்யக்கூடாதவை

மனிதருக்கான பனடோலை மாட்டுக்குக் கொடுக்காதீர்கள். போன முறை மிஞ்சிய ஊசி மருந்தை நீங்களே போடாதீர்கள். எண் இறங்கலாம், நோய் உள்ளேயே இருக்கும், மருத்துவர் வரும்போது அடையாளமும் மறைந்திருக்கும். ஊசி போட்ட மாட்டின் பாலை மருத்துவர் சொல்லும் நாள்வரை விற்காதீர்கள், வீட்டிலும் குடிக்காதீர்கள். எந்த மாட்டுப் பாலையும் நன்றாகக் காய்ச்சிய பிறகே குடியுங்கள்.

நினைவில் வையுங்கள் தோழர்களே: ஏறினாலும் ஆபத்து, இறங்கினாலும் ஆபத்து. கை சொல்வதைக் கேட்டுவிட்டுத் தூங்கப் போகாதீர்கள்.

நம் தோட்ட ஆஸ்பத்திரியில் சிவப்பு நூல் கட்டிய தெர்மாமீட்டர் ஒன்று தனி டப்பாவில் இருக்கிறது. "மாட்டுக்கு மட்டும்" என்று எழுதி ஒட்டியிருக்கிறேன். இல்லாதவர்கள் வந்து கேளுங்கள், தருகிறேன். இரவானாலும் கதவைத் தட்டுங்கள். இம்முறை "காலையில பார்க்கலாம்" என்று சொல்ல மாட்டேன்.